சஷ்டியன்று ஒரு வாக்குமூலம்

எண்ணூர்க் கழிமுகத்தில் பூவம்மாவின் குரலைக் காலை வேளையில் யாரும் கேட்டிருக்க முடியாது. கையால் தடவி இறால் பிடிக்கிறவள் அவள். சேற்றில் குந்தி இரண்டு கையாலும் துழாவ வேண்டும். பிடித்ததைப் போட்டுக்கொள்ளும் ஓலைக்கூடையைப் பல்லால் கடித்துக்கொள்ள வேண்டும். நாலு மணி நேரம் வாயைத் திறக்க வழியில்லை. கரையேறிக் கூடையை இறக்கினாளோ, தொலைந்தது. அடக்கி வைத்த பேச்செல்லாம் மொத்தமாகக் கொட்டும். அவள் புருஷன் கோதண்டம், துறைமுகத்தில் லோடு ஏற்றுகிறவர், மத்தியானச் சோற்றை வேலையிடத்திலேயே முடித்துக்கொள்வது இதனால்தான் என்று குப்பத்தில் பேச்சு. பொய்யில்லை.

அந்த இறால் நிலத்துக்குத்தான் ஆபத்து வந்தது. அங்கே கிடங்கு கட்ட ஒரு கம்பெனி அனுமதி வாங்கிவிட்டது. ‘வறண்ட நிலம், நீர் வரத்து இல்லை’ என்று காகிதத்தில் இருந்தது. எழுதிய மகராசன் தண்ணீர் வற்றிய நேரமாகப் பார்த்து வந்து போயிருக்கிறான். கிடங்கு எழும்பினால் பூவம்மாவுக்கும் கூட இறங்கும் முப்பது பெண்களுக்கும் பிழைப்பு போச்சு. அவள் மகள் மாயா ஒரு வக்கீலைப் பிடித்து வழக்குப் போட்டாள். நிலத்தை நேரில் பார்த்து அறிக்கை தர, ஜெகதீசன் என்ற அதிகாரியை நீதிமன்றம் அனுப்பியது.

அவர் வந்தது ஒரு சஷ்டியன்று, காலை பத்து மணிக்கு. கழிமுகம் வற்றிக் கிடந்தது. கம்பெனி மேனேஜர் காலால் தரையைத் தட்டிக் காட்டினார்.

“பாருங்க சார், கிரிக்கெட்டே ஆடலாம்.”

பூவம்மா வெயிலை அண்ணாந்து பார்த்துக் கணக்குப் போட்டாள். கடல் ஏறும் நேரம் திதிக்குத் திதி மாறும்; சஷ்டியன்று அங்கே தண்ணீர் ஏறப் பகல் ஒரு மணியாகிவிடும். அதிகாரியோ அரை மணியில் கிளம்பப் பார்க்கிறார்.

மாயா அம்மாவின் காதில் சொன்னாள்: “உன் வாக்குமூலத்த அவரு முழுசா எழுதிக்கினுதான் போவணும். கோர்ட்டு உத்தரவு.”

“எவ்ளோ சொன்னாலுமா?”

“எவ்ளோ சொன்னாலும்.”

அவ்வளவுதான், பூவம்மாவின் முகம் தெளிந்துவிட்டது. ஜெகதீசன் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்து பேனாவைத் திறந்தார்.

“சுருக்கமா சொல்லுங்கம்மா. இங்க என்ன தொழில் பண்றீங்க?”

“சொல்றேன் சார். மொதல்ல நான் பொறந்தத எழுதிக்கங்க.”

பாவம், அவர் எழுதினார். ஒன்பது வயதில் தண்ணீரில் இறங்கியது, முதல் நாளே நண்டு கட்டைவிரலைக் கவ்வியது. கோதண்டம் திருவொற்றியூர் தேரடியில் பெண் பார்க்க வந்து, அவளை விட்டுவிட்டு அவள் அம்மா வைத்த இறால் தொக்கையே பார்த்துக்கொண்டிருந்தது. பிள்ளைப்பேறு மூன்று, மூன்றுக்கும் வலி எடுத்த நாழிகை. வெள்ளை இறால் சேற்றில் எப்படிப் பதுங்கும், விரல் பட்டதும் எப்படித் துள்ளும். நடுவில் மேனேஜர் கொட்டாவி விட்டார். “இது வழக்குக்குத் தேவையா?” என்றும் கேட்டார்.

“நீ இரு நைனா, உன் டேர்ன் அப்புறம்” என்றாள் பூவம்மா. அதிகாரி சிரிப்பை அடக்கிக்கொண்டு பக்கத்தைத் திருப்பினார்.

நாத்தனார் கல்யாணத்தில் வந்த சண்டை பாதியில் இருக்கும்போது அவர் ஷூவுக்குள் ஜில்லென்றது. குனிந்து பார்த்தார். நாற்காலிக் காலைச் சுற்றித் தண்ணீர். பார்த்துக்கொண்டிருக்கும்போதே கணுக்காலைத் தொட்டது, முழங்காலை நோக்கி ஏறியது. மேனேஜர் பேன்ட்டைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு காரை நோக்கி ஓடினார்.

ஜெகதீசன் எழுந்து நின்று நோட்டை மார்போடு அணைத்துக்கொண்டார். “தண்ணி வரும்னு உங்களுக்கு முன்னாடியே தெரியும், இல்ல? சொல்லியிருந்தா எழுதியிருப்பேனே.”

“இன்னான்னு எழுதியிருப்பீங்க சார்? தண்ணி வருதுன்னு பூவம்மா சொல்றான்னு எழுதியிருப்பீங்க. இப்ப நீங்களே இல்ல பாத்தீங்க.”

அவர் நோட்டில் புதுப் பக்கத்தைத் திருப்பினார். தண்ணீரில் நின்றபடியே, ‘பகல் ஒரு மணி ஐந்து நிமிடத்தில் நீர் ஏறுவதை நான் நேரில் கண்டேன்’ என்று எழுதினார்.

இரண்டு மாதம் கழித்து நீதிமன்றம் அனுமதியை ரத்து செய்தது. தீர்ப்பில் எடுத்துச் சொன்னது அந்த ஒரு வரியை மட்டும்தான் என்று மாயா படித்துச் சொன்னாள். பூவம்மாவுக்குச் சந்தோஷத்தில் அழுகையே வந்துவிட்டது. முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். அப்புறம் மெல்லக் கோபம் வந்தது.

“பதினோரு பக்கம் சொன்னேனேடீ. அத்த ஒருத்தரும் படிக்கலியா?”