சுந்தரம் அண்ணன் செத்த காட்சி

என் முதல் படத்தின் கடைசிக் காட்சி, சுங்கை பினாங்கில் ஒரு ஃபிளாட் வீட்டில் பாதியிலேயே நின்றுபோனது. பிணமாகப் படுத்திருந்த நடிகரின் நெற்றிக் காசை அவர் மனைவி எடுத்து மேசையில் வைத்துவிட்டார்.

நான் உள்ளூர்த் தமிழ்ப் படங்களுக்குக் கதை எழுதுகிறவன். வேறு தயாரிப்பாளர் கிடைக்காததால் தயாரிப்பும் நானே. ஐந்தாம் படிவம் வரைதான் பள்ளிப் படிப்பு. நாலு பேர் முன்னால் பேசக் கூச்சம்.

அப்பாவாக நடித்த சுந்தரம் அண்ணன் லோரி ஓட்டுகிறவர். இதய அடைப்புக்குச் சிகிச்சை பெற்று, முந்தைய மாதம்தான் வீடு திரும்பியிருந்தார். சாகிற காட்சி என்று வீட்டில் சொல்லவில்லை. மனைவி லெட்சுமி அக்கா மதியச் சாப்பாடு கொண்டுவந்தபோது, அவர் மூக்கில் பஞ்சோடும் தலைமாட்டில் விளக்கோடும் கிடந்தார்.

பிணமாக நடித்தவர் ஷாட் முடிந்ததும் கேமராவைப் பார்த்துச் சிரித்துவிட்டால் தோஷமில்லை, அது சினிமா வழக்கம் என்று இயக்குநர் ரவி சமாதானம் சொன்னார்.

"அப்படின்னா நீ படுலா தம்பி. நான் நின்னு பாக்குறேன்" என்றார் லெட்சுமி அக்கா.

ரவிக்கு வீட்டில் அம்மா இருக்கிறாராம். கேமராமேனுக்கு அடுத்த மாதம் கல்யாணம். மேக்கப்காரர் தேத்தண்ணி வாங்கப் போய்விட்டார். எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். நான் என் மனைவியை நினைத்துக்கொண்டேன்.

அந்த வீடு எங்களுக்கு அன்று ஒரு நாள்தான் கிடைத்திருந்தது. முடிவில்லாத படத்தை யாரிடம் காட்டுவது? ஸ்கிரிப்டோடு மாடிப்படியில் போய் உட்கார்ந்தேன். அக்கம்பக்கத்தார் வாசலில் சிலிப்பரைக் கழற்றிவிட்டு, உள்ளே போய் வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்தார்கள். சாவு வீட்டு வாசல்போல் நிறைந்து கிடந்தது. அதைப் பார்த்ததும் பிணத்தை அடித்துவிட்டு வேறு எழுதினேன்.

வேலை முடிந்து மகள் மாடி ஏறி வருகிறாள். வாசலில் அத்தனை சிலிப்பர்கள். உள்ளே சத்தமே இல்லை. அவள் ஷூவைக் கழற்றுகிறாள். வைக்க இடமில்லை. கையில் பிடித்துக்கொண்டே நிற்கிறாள். அவ்வளவுதான்.

"அழுகையே இல்லையே அண்ணே" என்றார் ரவி. எனக்கும் பயம்தான். ஆனாலும் எடுத்தோம். ஃபிளாட்டில் இருந்தவர்கள் இன்னும் சிலிப்பர்கள் கொண்டுவந்து கொடுத்தார்கள். கீழ்வீட்டு அக்கா ஒருவர் தன் புது ஜோடியை முன்வரிசையில் வைக்கச் சொன்னார். சுந்தரம் அண்ணனுடையதை மட்டும் லெட்சுமி அக்கா தரவில்லை. காலைவிட்டுக் கழற்றவே கூடாது என்று சொல்லிவிட்டார்.

படத்தை நிபோங் திபாலில் ஒரு மண்டபத்தில் முதலில் திரையிட்டோம். அந்தக் காட்சியில் நாற்காலிச் சத்தம்கூட இல்லை. விளக்குப் போட்டதும் பார்த்தால், லெட்சுமி அக்கா கணவரின் கையை இறுகப் பிடித்துக்கொண்டிருந்தார். முகமெல்லாம் கண்ணீர்.

"படுக்க வைக்காமலே சாவடிச்சிட்டியே தம்பி."

எனக்கு அதுதான் முதல் விமர்சனம். மனசு நிறைந்துவிட்டது.

அதன்பிறகு, எந்தக் காட்சி எழுதினாலும் நடிக்கப் போகிறவரின் வீட்டுக்கே போய், வீட்டாருக்கும் சேர்த்து வாசித்துக் காட்டுகிறேன். எழுத வருகிற தம்பி தங்கைகளும் இதைச் செய்து பாருங்கள். கூச்சமாகத்தான் இருக்கும். ஆனால் கதை எங்கே இடிக்கிறது என்று சமையலறையிலிருந்து யாராவது குரல் கொடுப்பார்கள்.