இஞ்சி பிஸ்கோத்தும் நெத்திலிக் கருவாடும்

நாவலூரில் என் பேத்தி வீட்டில்தான் இப்போது என் வாசம். பதினோராவது மாடி. எதிர் வீட்டில் ஒரு கம்ப்யூட்டர்காரத் தம்பதி. அந்தப் பெண் ஆபீஸ் வேலையாக ஸ்வீடனுக்குப் போய் மூன்று மாதம் இருந்துவிட்டுப் போன வாரம் திரும்பினாள். கதவைத் தட்டி ஒரு சிவப்புத் தகர டப்பாவைக் கொடுத்தாள். கிறிஸ்துமஸுக்கு அங்கே வீட்டுக்கு வீடு சுடுகிற இஞ்சி பிஸ்கட்டாம். கொஞ்சம் கடினமாக இருக்கும், பல்லுக்கு முடியுமா பாருங்கள் தாத்தா என்றாள். எனக்குத் தொண்ணூறு தாண்டிவிட்டது. என் பற்கள் டாக்டர் செய்து கொடுத்தவை, எதற்கும் அஞ்சாதவை.

மூடியைத் திறந்ததும் சுக்கு, கிராம்பு, லவங்கப்பட்டை வாசனை. எழுபது வருஷத்துக்கு முன் நாலு கிறிஸ்துமஸ் நான் பக்கத்தில் நின்று முகர்ந்த அதே வாசனை. ஒன்றை எடுத்துக் கடித்தேன். வாசனை பழகியது, ருசிதான் புதிது. ஏனென்றால் அந்த நாலு வருஷத்தில் ஒரு துண்டைக்கூட நான் வாயில் வைத்ததில்லை. அந்தக் கதையைத்தான் உங்களுக்குச் சொல்ல வந்தேன்.

ஐம்பதுகளின் நடுவில் செங்கல்பட்டுக்கு வெளியே ஒரு மிஷன் தொழுநோய் ஆஸ்பத்திரியில் நான் கம்பவுண்டராக இருந்தேன். சைக்கிளில் போய் வருவேன். கடைத்தெருவில் எங்கள் அத்தா நாட்டு மருந்தும் மளிகையும் வைத்திருந்தார். மகனுக்குக் கோட்டுப் போட்ட வேலை என்பதில் அவருக்குப் பெருமை. அது எந்த ஆஸ்பத்திரி என்பதை மட்டும் யாரிடமும் சொல்ல மாட்டார். சாயந்திரம் நான் பின்பக்கமாக வந்து கிணற்றடியில் தலை முழுகிவிட்டுத்தான் வீட்டுக்குள் நுழைய வேண்டும். நானும் மறுபேச்சில்லாமல் முழுகினேன். பகலெல்லாம் நோயாளிகளின் உறவுக்காரர்களிடம், இது தொட்டால் ஒட்டிக்கொள்ளாது, பயப்படாதீர்கள் என்று சொல்லிவிட்டு வந்துதான் முழுகினேன்.

ஆஸ்பத்திரியை நடத்தியவர் ஸ்வீடனிலிருந்து வந்த ஒரு நர்சம்மா. எல்லோருக்கும் சிஸ்டர். அவர் தமிழைப் புத்தகத்தில் கற்றவர். நட்சத்திரத்தை விண்மீன் என்பார். வார்டில் மழைத்தண்ணீர் சொட்டினால், கூரை ஒழுகுகின்றது என்று முழு வாக்கியமாகச் சொல்வார். அவசரத்துக்குக்கூட வினைமுற்றை விடமாட்டார். எங்கள் பக்கத்து ஜனங்களுக்கு அவர் பேசுவது பாதிதான் புரியும், ஆனாலும் யாரும் சிரித்ததில்லை.

கார்த்திகை பிறந்தால் சிஸ்டர் என்னிடம் ஒரு சீட்டைக் கொடுப்பார். அத்தா கடையில் அதை நிறுத்து வாங்கி வருவது என் வேலை. சுக்கு, கிராம்பு, பட்டை, ஏலம். முதல் வருஷம் அத்தா சீட்டைப் பார்த்துவிட்டு, "வெள்ளக்காரம்மா லேகியம் கிண்டறாங்களா?" என்றார். அதில் பெரிய தப்பில்லை. அவர்கள் ஊர்க் கரும்பாகு இங்கே கிடைக்காததால் சிஸ்டர் பனைவெல்லத்தைக் காய்ச்சி ஊற்றினார். மாவை உப்ப வைக்க மருந்தறைக்கு வந்து, நான் இருமல் மிக்சருக்கு வைத்திருந்த அம்மோனியம் கார்பனேட்டில் ஒரு கரண்டி கேட்டார். அந்த ஜாடியின் நெடி மூக்கைப் பிய்க்கும். இதைப் போட்டால் யார் தின்பார்கள் என்று கேட்டேன். அடுப்பில் வாசனை பறந்துவிடும் என்றார். பறந்துதான் போயிற்று. நான் தின்னாததற்கு அது காரணமில்லை.

காரணம், மாவைத் தேய்த்து வெட்டியவர்கள் நோயாளிகள். வேறு ஆள் வைத்தால் அது கிறிஸ்துமஸே இல்லை என்பது சிஸ்டரின் கட்சி. நோய் அடங்கி, சோதனையில் நெகட்டிவ் வந்தவர்களை வராந்தாவில் வரிசையாக உட்காரவைத்து ஆளுக்கொரு மாவு உருண்டை கொடுப்பார். சுட்டு எடுத்ததும் ஊழியர்கள் எங்களுக்கெல்லாம் தட்டு வரும். எல்லோரும் நன்றி சொல்லி எடுத்துக்கொள்வோம். அப்புறம் ஒவ்வொருவருக்கும் ஒரு வழி. வாட்ச்மேன் ஆட்டுக்குப் போடுவார். சமையல்காரர் வேலிக்கு வெளியே வீசுவார். நான் கோட்டுப் பையில் போட்டுக்கொண்டு, சாப்பாட்டுக்குப் பின் சாப்பிடுகிறேன் சிஸ்டர் என்பேன். மிஷன் காம்பவுண்டு ஆடுகள் மார்கழி முழுக்கக் கிராம்பு மணக்க அசைபோட்டன. மருந்து படித்தவன் நான். எனக்குத் தெரியாதா என்றால், தெரியும். புத்திக்குத் தெரிந்தது தொண்டைக்குத் தெரியவில்லை, அவ்வளவுதான்.

அந்த வராந்தா வரிசையில் ஒருத்தி அஞ்சலை. கடப்பாக்கத்து மீனவக் குடும்பம். முப்பது வயதிருக்கும். ஆறு வருஷமாக ஆஸ்பத்திரியில் இருந்தாள். வலது கையில் இரண்டு விரல்கள் உள்ளே மடங்கி அப்படியே நின்றுவிட்டன, இரண்டு உள்ளங்கையிலும் உணர்ச்சி கிடையாது. ஒருமுறை சுடுதட்டை வெறுங்கையால் எடுத்து, தோல் கருகும் வாசனை வந்த பிறகுதான் தெரிந்தது. அதிலிருந்து அடுப்புப் பக்கம் போக விடாமல் அவளை வெட்டுகிற வேலைக்கு மாற்றினார்கள். சிஸ்டரின் நட்சத்திர அச்சு, இதய அச்சு எதுவும் அவளுக்குப் பிடிக்கவில்லை. கத்தியை எடுத்து மாவில் மீன் வெட்டினாள். வால், துடுப்பு, செவுள் எல்லாம் வைத்து வெட்டுவாள். எந்த மீன் என்றுகூடச் சொல்லிவிடலாம்.

மூன்று சோதனையும் நெகட்டிவ் வந்து, ஆடி மாசமே அவளுக்கு வீட்டுக்குப் போகலாம் என்று சீட்டு எழுதியாகிவிட்டது. மாசத்துக்கு ஒருமுறை வந்து மாத்திரை வாங்கிக்கொண்டால் போதும். அவளுக்கு இருந்தது ஒரே அண்ணன். சிஸ்டர் சொல்லச் சொல்ல நான்தான் அவனுக்கு இரண்டு கடிதம் எழுதினேன். பதில் இல்லை. பஸ் ஏறித் தானே போகலாம், யாரும் தடுக்கவில்லை. போய் நின்றால் அண்ணன் வாசலில் சேர்ப்பானா என்பதுதான் அவள் பயம். சேர்க்காவிட்டால் திரும்பி வர ஆஸ்பத்திரி இருந்தது. ஆனால் சேர்க்கவில்லை என்று தெரிந்துகொண்டு எப்படித் திரும்புவது? சீட்டை மடித்து முந்தானையில் முடிந்துகொண்டு ஐந்து மாசம் கழித்தாள்.

அந்த வருஷக் கிறிஸ்துமஸ் அன்று சிஸ்டர் தன் ஊர் வழக்கம் ஒன்றைச் சொல்லிக் கொடுத்தார். பிஸ்கட்டை உள்ளங்கையில் வைத்துக்கொண்டு, மடக்கிய விரல் முட்டியால் நடுவில் ஒரு தட்டு. சரியாக மூன்றாக உடைந்தால் நினைத்தது நடக்கும். உடைந்ததைப் பேசாமல் தின்ன வேண்டும். "விருப்பத்தை மனதிற்குள் வைத்துக்கொள்ளுங்கள். வெளியே கூறக் கூடாது" என்றார். மடக்கிய விரலுக்கு அங்கே பஞ்சமா? எல்லோரும் உற்சாகமாகத் தட்டினார்கள். ஆனால் நாலு நாளாக விடாத மழை. டப்பாவில் இருந்த பிஸ்கட் எல்லாம் நமுத்துப் போயிருந்தன. ஒன்றுகூட உடையவில்லை. தட்டினால் அப்பம்போல் வளைந்தன. ஒரே சிரிப்பு. அஞ்சலை மட்டும் சிரிக்கவில்லை. தன் மீன் வளைந்து கிடப்பதைப் பார்த்துவிட்டு, "அதான. எனுக்குன்னா அது கூட ஒடியாது" என்று சொல்லி எழுந்து போய்விட்டாள்.

எனக்கு இரக்கம் பொங்கியது என்று எழுத ஆசைதான். உண்மையில் எனக்கு வந்தது ரோஷம். பொடி நமுத்துப் போகாமல் காப்பது கம்பவுண்டர் தொழிலில் பாதி. நான் இருக்கும் ஆஸ்பத்திரியில் ஒரு பிஸ்கட் நமுத்துப் போவதா? அவள் வெட்டிய மீன் ஒன்றை எடுத்துப் போய், அகல வாய் ஜாடியில் ஈரம் உறிஞ்சச் சுட்ட சுண்ணாம்புக் கல்லைப் போட்டு, அதன்மேல் காகிதம் விரித்து வைத்து மூடினேன். இரண்டு நாளில் மீன் ஓடுபோல் ஆனது. அதோடு விட்டிருக்கலாம். மூன்றாக உடையும் என்பதற்கு என்ன உத்தரவாதம் என்று ஒரு யோசனை வந்தது. களிம்பு குழைக்கிற மெல்லிய கத்தியை எடுத்து, பிஸ்கட்டின் அடிப்பக்கத்தில், நடுவிலிருந்து பிரிகிற மாதிரி மூன்று கோடு கீறினேன். பொட்டணம் கட்டும்போது பொடியைக் கண்ணளவிலேயே சமமாகப் பிரிக்கிறவன் நான். பிசகே இல்லை.

அவள் மாத்திரைக்கு வந்தபோது மருந்தறை ஜன்னல் வழியாக அதைக் கொடுத்து, சிஸ்டர் கொடுக்கச் சொன்னார்கள் என்று ஒரு பொய்யும் சொன்னேன். வாங்கி முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்தாள். உள்ளங்கையில் வைத்து, மடங்கிய விரலால் தட்டினாள். டக்கென்று மூன்றாயிற்று. கையில் எதுவும் தெரியாதே, குனிந்து கண்ணால் எண்ணிப் பார்த்தாள். ஒரு துண்டை வாயில் போட்டுப் பேசாமல் மென்றாள். பிறகு கையை நீட்டி, "நீ ஒண்ணு எட்துக்க கம்பவுண்டரே. மூணயும் நானே துன்னா நல்லாவா கீது?" என்றாள். எடுத்துக்கொண்டேன். சாப்பாட்டுக்குப் பின் சாப்பிடுகிறேன் என்று கோட்டுப் பையில் போட்டேன்.

மூன்றாம் நாள் கடப்பாக்கம் கிளம்பிவிட்டாள். அண்ணன் வீட்டுக்கு எடுத்துப் போக மீன் பிஸ்கட் நிறையச் சேர்த்து வைத்திருந்தாள். மருந்தறையிலிருந்து காலி குளுக்கோஸ் டப்பா ஒன்று கொடுத்தேன். அடியில் சுண்ணாம்புக் கல்லைத் துணியில் முடிந்து வைத்து, அதைத் தின்றுவிடாதே, அடுத்த மாசம் வரும்போது டப்பாவைத் திருப்பிக் கொண்டு வா என்றேன். பஸ் போன பிறகுதான் எனக்கு உறைத்தது. அந்த வீட்டில் அவளை வாசலோடு திருப்பி அனுப்பினால், அவளைப் பஸ் ஏற்றியது என் கத்திக் கீறல் அல்லவா? மாசம் முழுக்க ஜன்னலையே பார்த்துக்கொண்டிருந்தேன். ஒரு நாள் பேதி மிக்சரையும் இருமல் மிக்சரையும் ஆள் மாற்றிக் கொடுக்கப் பார்த்தேன், நல்லவேளை சிஸ்டர் கவனித்தார்.

தை கடைசியில் வந்தாள். முகம் கறுத்திருந்தது, கடற்கரை வெயில். ஜன்னலில் சாய்ந்துகொண்டு நடந்ததைச் சொன்னாள். முதல் பத்து நாள் அண்ணன் அவளை வலை வைக்கும் கொட்டகையில்தான் படுக்க வைத்தான். சோறு தூரத்தில் வைத்துவிட்டுப் போவார்கள். பிஸ்கட் டப்பாவை யாரும் தொடவில்லை. ஒரு மத்தியானம் அண்ணன் மகள், ஐந்து வயதுக் குழந்தை, கொட்டகைக்குள் புகுந்து ஒரு மீனை எடுத்து யாரும் பார்ப்பதற்குள் தின்றுவிட்டது. அண்ணி தலையில் அடித்துக்கொண்டு அழுதாள். நாலு நாள் வீடே குழந்தையின் உடம்பைத் திருப்பித் திருப்பிப் பார்த்தது. ஒன்றும் ஆகவில்லை. ஐந்தாம் நாள் அதே குழந்தை இன்னொன்று கேட்டது. அண்ணியே வந்து எடுத்துக் கொடுத்துவிட்டு, தானும் ஒன்றைக் கடித்தாள். அன்று ராத்திரி அஞ்சலை வீட்டுக்குள் படுத்தாள்.

சொல்லி முடித்த பிறகு, "பிஸ்கோத்து அடில நீ கீறின கோட்ட அன்னிக்கே பாத்துட்டேன் கம்பவுண்டரே. இந்தக் கைக்குத்தான் ஒண்ணும் தெரியாதே, கண்ணுதான் எல்லாத்தயும் பாத்துகினு கீது. எனுக்கோசரம் ஒத்தரு குந்தி கோடு போட்டுகீறாரே, அப்பால இன்னா பயம்னு பஸ்ஸு ஏறிட்டேன்" என்றாள். என் வாழ்நாளில் யாரும் எனக்கு அதைவிடப் பெரிய மரியாதை செய்ததில்லை.

பிறகு டப்பாவை ஜன்னலில் வைத்தாள். கனமாக இருந்தது. கொடுத்த பாத்திரத்தை வெறுமையாகத் திருப்பக் கூடாது என்று அண்ணி நெத்திலிக் கருவாடு நிரப்பிக் கொடுத்திருந்தாள். அஞ்சலை தன் கையாலேயே தலை கிள்ளி வைத்தாளாம்.

அவள் வேலி தாண்டும் வரை காத்திருந்தேன். பிறகு பின்பக்கம் போய் அத்தனை கருவாட்டையும் குழியில் கொட்டி மண் தள்ளினேன். டப்பாவை லைசால் விட்டு மூன்று தடவை கழுவினேன். ஐந்து வயதுக் குழந்தையும், எழுதப் படிக்கத் தெரியாத அந்த அண்ணியும் கடந்துவிட்ட இடத்தை, மருந்து படித்த என்னால் கடக்க முடியவில்லை. அவமானமாக இருந்தது. இருந்தும் கழுவினேன்.

அடுத்த மாசம் மாத்திரை வாங்கும்போது கருவாடு எப்படி இருந்தது என்று கேட்டாள். தயாராக வைத்திருந்த பதிலைச் சொன்னேன். நல்ல ருசி, உப்புதான் கொஞ்சம் தூக்கல் என்றேன். கொஞ்சம் குறை சொன்னால் உண்மைபோல் இருக்கும் என்பது என் சாமர்த்தியம்.

அஞ்சலை மாத்திரைகளை ஒவ்வொன்றாகக் கண்ணால் எண்ணி முந்தானையில் முடிந்தாள். "நெத்திலிக்கு யாரு உப்பு போடுவா? சும்மா மணல்ல கொட்டிக் காய வெக்கறது" என்றாள். குரலில் கோபம் இல்லை. கோபம் இருந்திருந்தால் எனக்கு வசதியாக இருந்திருக்கும். அதன்பிறகு நான் அங்கே வேலை பார்த்த ஒன்றரை வருஷமும் மாசாமாசம் வந்தாள். கம்பவுண்டரே என்றுதான் கூப்பிட்டாள். அண்ணன் மகளைப் பள்ளிக்கூடத்தில் சேர்த்ததைச் சொன்னாள். எனக்கென்று எதையும் கொண்டு வரவில்லை.

சிஸ்டர் அறுபதுகளில் ஊர் திரும்பி, அங்கேயே இறந்துபோனதாகக் கேள்வி. பிஸ்கட் சுட்ட ரொட்டி அடுப்பை இடித்துவிட்டார்கள். மருந்தறை இருந்த இடத்தில் ஒரு தண்ணீர்த் தொட்டி. அந்த நோயின் பேரைச் சொன்னால் என் பேத்தி, அது இன்னும் இருக்கிறதா தாத்தா என்கிறாள். அத்தா கடை கைமாறிப் போய் இப்போது செல்போன் விற்கிறார்கள். அஞ்சலையும் இருக்க மாட்டாள், அவள் அண்ணன் மகளுக்கே எழுபத்தைந்து இருக்கும்.

இந்த மாதிரி எழுதுகிறவர்கள் எல்லோரும், இப்போது கிடைக்காத பண்டத்தின் ருசி இன்னும் நாக்கில் நிற்கிறது என்று முடிப்பார்கள். எதிர் வீட்டுப் பெண் தந்த டப்பாவைப் போன வாரமே காலி செய்துவிட்டேன். இஞ்சி பிஸ்கட் நன்றாகத்தான் இருந்தது. நெத்திலிக் கருவாடு எப்படி இருந்தது என்பது எனக்குத் தெரியாது.