நாலு விநாடிக் கை

என் தங்கை மகளுக்கு நாங்கள் வைத்த பட்டப்பெயர் கத்திரி. பிறந்தபோது தொப்புள்கொடியைத் தானே வெட்டிக்கொண்டாள் என்று நான் சொன்னால் யாரும் நம்புவதில்லை, போகட்டும். அவள் படம் எடுப்பவள். பாட்டு, சண்டை, கதாநாயகன் எதுவும் இல்லாத படங்கள். யாரோ தூக்கிப்போட்ட பழைய பிலிம் சுருள்களைச் சமையலறைத் தொட்டியில் கழுவி, துணிக்கொடியில் காயப்போட்டு, வெட்டி ஒட்டுவாள். அவள் வீட்டில் கரண்டியைத் தேடினால் கையில் பிலிம்தான் வரும்.

நூற்பாலையின் நூற்றாண்டு விழாவுக்குப் பத்து நிமிடப் படம் கேட்டு, ஆலை மேலாளர் அவளிடம் ஒரு பழைய சுருளைக் கொடுத்தார். வேலை முடிந்து பெண்கள் வாசலில் சிரித்தபடி வரும் காட்சி. என் தங்கையும் அங்கே வேலை பார்த்தவள்தான்.

"காலையில ஒருத்தி விரலை மெஷின் தின்னுச்சு. சாயங்காலம் அப்ப இருந்த மேனேஜர் கேமராவைக் கொண்டாந்து, வரிசையா நின்னு சிரிங்கன்னான். நான் போய் கேமராவைக் கையால மூடிட்டேன். அதுக்குத்தான் வேலையை விட்டுத் தூக்குனான்."

ஐம்பது வருடமாக இதையே சொல்லிக்கொண்டிருந்தாள். ஆலைப் பதிவேட்டில் அப்படி எதுவும் இல்லை. நான்கூட, "நல்லா அளக்குறடி" என்று சிரித்திருக்கிறேன். அளப்பதில் என்னை மிஞ்ச ஒருத்தி வந்தால் பொறுக்குமா?

சுருளை ஓட்டிப் பார்த்தால் அந்தக் கை இல்லை. ஆனால் கத்திரிக்குப் படத்தொழிலின் கஞ்சத்தனம் தெரியும். படத்துக்கு முன்னால் கீறல் தாங்குவதற்கென்று வெற்றுப் பிலிம் சுற்ற வேண்டும். அதை மிச்சம் பிடிக்க, வேண்டாமென்று வெட்டிய துண்டுகளையே ஒட்டிவிடுவார்கள். யாரும் அதைப் பார்ப்பதில்லை. அவள் அதைப் பிரித்து ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்தாள். நாலு விநாடி. ஒரு உள்ளங்கை வளர்ந்து வளர்ந்து உலகத்தையே மூடியது. பெருவிரலடியில், சிறு வயதிலிருந்தே இருக்கும் என் தங்கையின் தழும்பு.

"அம்மா சொன்னப்ப எல்லாரும் சிரிச்சீங்களே பெரியம்மா. இப்ப பாருங்க."

"அவ கைதான்டி" என்றேன், ஒரு சொல்கூட அளக்காமல். அதுவே ஒரு அதிசயம்.

அதைக் கொண்டுபோய்க் காட்டியபோது மேலாளரோ, "இது வேணாம்மா. விழாவுக்கு வர்றவங்க சந்தோஷமாப் போகணும். வெட்டிடு" என்றார்.

"வெட்டிடுறேன் சார்."

வெட்டினாள், மற்ற எல்லாவற்றையும். அந்த நாலு விநாடியை மட்டும் வைத்துக்கொண்டு, ஒவ்வொரு ஃப்ரேமும் ஆறு விநாடி நிற்கும்படி நீட்டி, கேட்ட பத்து நிமிடத்தைக் கொடுத்தாள்.

விழா மண்டபத்தில் ஜன்னல்களை அடைத்தார்கள். முன்வரிசையில் நானும் தங்கையும். திரையில் கை மெல்ல மெல்ல எழுந்தது. மூன்றாவது நிமிடத்தில் மேலாளர், "நிறுத்துங்க!" என்று திரைக்கு முன்னால் பாய்ந்து இரண்டு கைகளையும் விரித்தார்.

கத்திரி படம் ஓட்டும் கருவிக்குப் பக்கத்தில் கைகட்டி நின்றாள். "இன்னும் ஏழு நிமிஷம் இருக்கு சார்."

என் தங்கை எழுந்தாள். மேலாளரின் வெள்ளைச் சலவைச் சட்டை முழுக்க அவளுடைய உள்ளங்கை, தழும்போடு.

"அப்படியே நில்லுங்க தம்பி. திரையை விட உங்க சட்டையில நல்லாத் தெரியுது."