ஹூலாவுக்கு எந்தக் காதிலை பூ

கனடாவிலை எங்கட அஜின்கோர்ட் சீனியர்ஸ் சங்கத்துக் கலைவிழாவுக்குக் கும்மியும் கோலாட்டமும் வேண்டாமெண்டு சொன்னது நான்தான். "வருசாவருசம் உதையே பாத்து ஆக்கள் கொட்டாவி விடுகினம்," எண்டன். வாய் சும்மா கிடந்தால்தானே!

அந்தக் கிழமைதான் யூரியூப்பிலை ஒரு பழைய அமெரிக்க ரீவி நிகழ்ச்சி பாத்திருந்தன். கறுப்பு வெள்ளை. கோட்டுப் போட்ட அறிவிப்பாளர் வந்து பல்லைக் காட்டிப்போட்டுப் போக, அட்டையிலை வெட்டின தென்னைமரம், இழுத்து இழுத்து அழுற ஹவாயன் கிற்றார், புல்லுப் பாவாடை கட்டின பெட்டையள். ஹூலாவாம். கடல், காத்து, நிலா எல்லாத்தையும் கையாலையே சொல்லுகினம்! சின்னனிலை பரதம் பழகின எனக்குக் கை உடனை பிடிபட்டிட்டுது. இடுப்புத்தான் உரல்மாதிரி அசையமாட்டன் எண்டு நிண்டது.

சங்கத்துப் பெண்டுகளுக்குக் காட்டினன். நாலைஞ்சு பேர் சேர்ந்திட்டினம். புல்லுப் பாவாடையைச் சீலைக்கு மேலை கட்டுவமெண்டு ஒரு மானஸ்தி தீர்ப்புச் சொன்னா. கட்டிப் பாத்தால் வைக்கல் பட்டடை நடந்து வாறமாதிரி. சிரிச்சுச் சிரிச்சு வயிறு நொந்துபோச்சு.

ஆனால் எனக்குள்ளை ஒரு பயம். ரீவியிலை ஆடின எல்லாருக்கும் காதோரம் பெரிய பூ. எங்கட வழக்கத்திலை புருசன் போனால் பூவும் போகும். என்ரை மனுசன் மோசம்போன பிறகு நான் பூ வைக்கிறேல்லை. ஆரும் தடுக்கேல்லை, எனக்குத்தான் கை போகேல்லை. ஆடவேணுமெண்ட ஆசையோ, சொல்லி வேலையில்லை.

ஒத்திகைக்கு எங்களோடை ஆடுற மன்னார் ரீச்சர் ஒரு பை பிளாஸ்ரிக் செவ்வரத்தம்பூவோடை வந்தா. எதையும் தேடி வாசிக்கிற மனுசி. "ஹவாயிலை கலியாணம் கட்டின ஆக்கள் இடது காதிலையாம், கட்டாத ஆக்கள் வலதிலையாம்," எண்டு சொல்லிச் சொல்லி ஒவ்வொருத்தருக்கும் குடுத்துக்கொண்டு வந்தவ, எனக்கு முன்னாலை வந்ததும் அப்பிடியே நிண்டிட்டா. மற்றவை நிலத்தைப் பாக்கினம்.

"நீங்கள் வேணுமெண்டால் பூ இல்லாமல், பின் வரிசையிலை..." எண்டு இழுத்தா.

எனக்குப் பத்திக்கொண்டு வந்தது. ஊர்ச் சட்டம் பூவைப் பறிக்குது, ஹவாய்ச் சட்டம் எந்தக் காதெண்டு கேக்குது. இதென்ன கோதாரி!

"இஞ்சை தாங்கோ ரீச்சர்," எண்டு பூவை வாங்கி, இடது காதிலை செருகினன்.

"செத்தது அவர். நான் இன்னும் அவரைக் கட்டினவள்தான். பாட்டைப் போடுங்கோ."