அஞ்சாலை கவ்விய கை

குடவாசல் பக்கத்தில் ஒரு கல்லூரியில் விலங்கியல் நடத்துகிறேன். சுற்றிலும் வயல். எங்கள் மாணவிகளுக்கு வாய்க்கால் விலாங்கு தெரியும். அதைப் போலவே பாம்பு உடம்போடு கடலில் வாழும் அஞ்சாலையை அவர்கள் உயிரோடு பார்த்ததில்லை. ஆய்வகத்துக் கண்ணாடித் தொட்டியில் ஒன்றை விட்டுக் காட்ட வேண்டும் என்று ஆசைப்பட்டேன். அந்த ஆசையில் ஒரு பெண்ணின் கை வீணாய்ப் போனது.

வேளாங்கண்ணிக்கு வடக்கே ஒரு மீனவக் குப்பம். கடல் அரிக்காமல் இருக்க அங்கே பெரிய கருங்கற்களைக் கொட்டியிருந்தார்கள். வெறும் மணலாகக் கிடக்கும் எங்கள் கரையில் அஞ்சாலை குடியிருக்க அந்தக் கல் இடுக்குகள் வசதியாகிவிட்டன. அங்கே வளைந்த கம்பியால் நண்டு பிடிக்கும் ஒரு பெண் எனக்குப் பழக்கம். என் வயதுதான் இருக்கும். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, வாளியும் கைவலையுமாகப் போய் நின்றேன்.

"கம்பியால இழுத்துடலாம் டீச்சர். ஆனா அது பொழைக்காது."

"காயம் படாம வேணுங்க. ஒரு மத்தி மீன பொந்து வாசல்ல கையால காட்டுங்க. வாசனைக்கு வெளிய வரும். வலையப் போட்டுக்கிறேன்."

"அது இருக்கற பொந்துகிட்ட நாங்க யாரும் கைய கொண்டுபோக மாட்டோம்."

நான் சிரித்தேன். அது வாயைத் திறந்து திறந்து மூடுவது கடிக்க இல்லை, மூச்சுவிடத்தான் என்றேன். அப்படித்தான் செவுளுக்குத் தண்ணீர் போகிறது. பகலில் பயந்து ஒடுங்கிக் கிடக்கும் பிராணி என்றும் சொன்னேன். எல்லாம் உண்மை. இன்னொரு உண்மையை மட்டும் சொல்லவில்லை. அதற்குக் கண் மங்கல், மூக்கு கூர்மை. மீன் நாற்றம் அடிக்கும் விரலும் மீனும் அதற்கு ஒன்றுதான்.

"படிச்சவங்க சொல்றீங்க" என்று அவர் மத்தியைக் கையில் எடுத்துக்கொண்டு கல்மேல் மண்டியிட்டார்.

அது வந்ததை நான் பார்க்கவில்லை. அலறல்தான் கேட்டது. என் முஷ்டி அளவுத் தலை, மஞ்சள் புள்ளிகள், அதன் வாய்க்குள் அவருடைய வலது கை விரல்கள். உடம்பு முழுவதும் இடுக்குக்குள் முறுக்கிக்கொண்டிருந்தது.

அஞ்சாலையின் பற்கள் உள்நோக்கி வளைந்தவை. தொண்டைக்குள் இன்னொரு ஜோடித் தாடை உண்டு. முன் தாடை கவ்வியதும் அது முன்னே வந்து பிடித்து உள்ளே இழுக்கும். கவ்வியதை வெளியே இழுத்தால் சதை கிழியும். எத்தனையோ வருஷமாகக் கரும்பலகையில் வரைந்து காட்டும் படம் இது. ஆனாலும் அவர் மணிக்கட்டைப் பிடித்து என் பலம் கொண்ட மட்டும் இழுத்தேன். சதை உரிந்து வந்தது, வாய் திறக்கவில்லை. கடைசியில் அவரே இடது கையால் கம்பியை எடுத்து அதன் தலையில் மாறி மாறிக் குத்தித் தன்னை விடுவித்துக்கொண்டார்.

என் துப்பட்டாவைச் சுற்றி, ஆட்டோவில் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனேன். மத்தியானம் அவர் கணவர் ஓடி வந்தார்.

"எப்படிங்க ஆச்சு?"

"நண்டுன்னு நெனச்சு கைய விட்டுட்டாங்க."

கட்டிலில் அவர் விழித்துத்தான் இருந்தார். என்னைப் பார்த்தார். சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டார். நான் எதையும் திருத்தவில்லை.

காயம் சீழ் பிடித்தது. வீக்கம் முழங்கை வரை ஏறியது. ஆள்காட்டி விரலையும் நடுவிரலையும் எடுத்தார்கள். மிஞ்சியவற்றில் கட்டைவிரல் மடங்கவில்லை. அதன் பிறகு நான் பார்க்கப் போகவில்லை. பரீட்சை வேலை என்று எனக்கே சொல்லிக்கொண்டேன்.

ஒரு மாதம் கழித்து அவர் வீட்டுக்குப் போனேன். கணவரும் இருந்தார். உட்காரச் சொல்வதற்கு முன்பே சொல்லிவிட்டேன். "நண்டு இல்லைங்க. நான்தான் மீனைக் கையில புடிச்சுக் காட்டச் சொன்னேன். அவங்க வேணாம்னுதான் சொன்னாங்க."

கணவர் மனைவி பக்கம் திரும்பவே இல்லை. செருப்பை மாட்டிக்கொண்டு வெளியே போய்விட்டார்.

"இப்ப சொல்றீங்க" என்றார் அந்தப் பெண். குரல் உயரவில்லை. "ஒரு மாசமா தெனம் ஏச்சு. நண்டு எது அஞ்சாலை எதுன்னு தெரியாம கைய விட்டியாடின்னு. எங்க மாமியா, பக்கத்து வீடு, எல்லாரும்."

"நீங்களாவது சொல்லியிருக்கலாமேங்க."

"டீச்சர் சொன்னதுக்கு அப்புறம் நான் சொன்னா யாரு நம்புவா?"

அவிழ்ந்திருந்த கூந்தலை அவர் இடது கையால் அள்ளி, வலது கையால் பிடித்து முடியப் பார்த்தார். நழுவியது. மறுபடியும் அள்ளினார். நான் முடிந்துவிட அருகே போனேன்.

"வேணாம்" என்றார். "பஸ்சுக்கு நேரமாச்சு. போயிட்டு வாங்க."