சாணைக்குப் போன கத்தி

தன் முடிதிருத்தும் கடையைத் திறக்கும் முன் தோன் எலிஹியோ ஒரு பலூனுக்குச் சவரம் செய்கிறார். ஊதிய பலூனை நாற்காலியின் தலைச்சாய்வில் கட்டி, நுரை தடவி, இடது கையால் கத்தியை மெல்ல இறக்குவார். தொடங்கிய புதிதில் நாளுக்கு நாலு வெடித்தன. இப்போது வாரத்துக்கு ஒன்றுதான். வெடித்தால், "இவனுக்குத் தாடியே இருக்கட்டுமாம்" என்று கூட்டித் தள்ளிவிட்டு இன்னொன்றை ஊதுவார்.

ஒன்பது மாதங்களுக்கு முன் அசுன்சியோன் நகரத்து மழையில் ஒரு பேருந்து அவருடைய மிதிவண்டியை இடித்துத் தள்ளியது. வலது கை எலும்பு கூடிவிட்டது, நடுக்கம் மட்டும் போகவில்லை. கத்தரிக்கோலை எப்படியோ சமாளித்தார். ஆனால் அடுத்தவர் கழுத்தில் கத்தி வைக்கிற தொழிலில் 'நடுக்கம்' என்ற சொல் வெளியே கசிந்தால் கடைப்பக்கம் ஈ காக்காய் எட்டிப் பார்க்காது. அதனால் சவரம் கேட்டு வந்தவர்களிடமெல்லாம், "கத்தி சாணைக்குப் போயிருக்கு" என்று சொல்லி வந்தார். மாலையில் நண்பர்களுக்குக் குளிர்ந்த தெரேரே மூலிகைத் தேநீரைக் கொம்புக் குவளையில் ஊற்றித் தருவதும் அவர்தான். அதையும் வேறொருவருக்கு விட்டுக்கொடுத்தார். அவர் மறைத்த அழகைப் பார்த்தால் பாவமாகவும் இருக்கும், சிரிப்பும் வரும்.

பேருந்து நிறுவனத்தின் மேல் அவர் போட்ட நஷ்டஈட்டு வழக்கில் எதிர்த்தரப்பு மருத்துவர், இது வயசான நடுக்கம் என்று எழுதிக் கொடுத்துவிட்டார். அவருடைய வக்கீல் மிர்த்தா ஒரே போடாகப் போட்டாள்.

"முன்னாடி உங்க கை எப்படி, இப்ப எப்படின்னு வாடிக்கைக்காரர் ஒருத்தர் கோர்ட்ல வந்து சொல்லணும், தோன் எலிஹியோ."

"சொன்னா வழக்கு ஜெயிக்கும், கடை தோத்துடும் வக்கீலம்மா."

இரண்டு வாரம் இழுத்தடித்துவிட்டு, கறிக்கடை சில்வினோவிடம் போய் நின்றார். "பொய் சொல்ல வேணாம். கொஞ்சம் மெதுவாச் சொல்லு, போதும்."

சில்வினோவுக்கு மெதுவாகப் பேசி எங்கே பழக்கம்? நீதிமன்றமே அதிர்ந்தது. "இருபது வருசமா இவர்கிட்டதான் சவரம். ஒரு கீறல் கிடையாது. விபத்துக்கு அப்புறம் கத்தி சாணைக்குப் போச்சுங்கறார். சாணை பிடிக்கறவன் என் மச்சான். கத்தி அங்க வரவே இல்ல."

"அவரிடமே கேட்டிருக்கலாமே?" என்றார் நீதிபதி.

"மனுஷன் கூச்சப்படுவாரே. தெருவுக்கே தெரியும், ஒருத்தரும் வாயத் திறக்கல. எல்லாரும் வீட்லயே மழிச்சுக்கிட்டோம். நம்பலேன்னா என் மூஞ்சியப் பாருங்க." தாடையெங்கும் பிளேடு கீறல்கள். நீதிபதி அருகே அழைத்துப் பார்த்து, எண்ணிக் குறித்துக்கொண்டார்.

நடுக்கம் விபத்தால் வந்ததுதான் என்று தீர்ப்பானது. மிர்த்தா கைகுலுக்கினாள். எலிஹியோவுக்குச் சந்தோஷத்தைவிட வெட்கம்தான் அதிகமாக இருந்தது. இனி யார் வருவார்கள் என்ற பயத்தோடுதான் மறுநாள் கதவைத் திறந்தார்.

சில்வினோ வாசலிலேயே நின்றிருந்தான். உள்ளே வந்து நாற்காலியில் உட்கார்ந்தான்.

"முடி வெட்டணுமா?"

"சவரம்."

"இடது கைதான். இன்னும் மனுஷ மூஞ்சி எதையும் தொட்டதில்ல."

சில்வினோ சட்டையின் மேல் பொத்தானைக் கழற்றி, தலையைப் பின்னால் சாய்த்து, கழுத்தை நிமிர்த்திக் கண்களை மூடிக்கொண்டான்.