வாய் திறந்து கேட்ட சீட்டு

ஒத்தக்கடையில் எங்கள் தெருப் பெண்கள் சேர்ந்து ஏலச் சீட்டுப் போடுகிறோம். அவசரம் உள்ளவர்கள், மொத்தப் பணத்தில் இவ்வளவு தள்ளி எடுத்துக்கொள்கிறேன் என்று கேட்க வேண்டும். கூடுதலாகத் தள்ளிக் கேட்பவருக்குச் சீட்டு. எனக்கு நாலு பேர் முன்னால் வாய் வராது. அதனால் எப்போதும் கடைசிச் சீட்டுதான் எடுப்பேன். அதற்கு ஒன்றும் கேட்க வேண்டியதில்லை.

போன வருசம் என் கிரைண்டர் மோட்டார் எரிந்துபோனது. நான் இட்லி மாவு விற்றுப் பிழைக்கிறவள். அரவை நின்றதும் என்னிடம் வாங்கிக்கொண்டிருந்த வீட்டுக்காரர்கள் கடையில் பாக்கெட் மாவு வாங்க ஆரம்பித்துவிட்டார்கள்.

அந்த மாசச் சீட்டன்று ஒரு சின்னத் தொகையைத் தள்ளி, பாதி வாயில் கேட்டேன். எல்லோரும் தலையைக் குனிந்துகொண்டார்கள். என் நிலைமை தெரிந்து, போட்டிக்கு வராமல் விட்டுக்கொடுத்தார்கள்.

அப்போதுதான் என் வீட்டு மாடியில் குடியிருந்த பெண் என்னைவிடக் கூடத் தள்ளிக் கேட்டாள். பணத்தை வைத்து மனுசர்கள் எப்படிப் பழகுகிறார்கள் என்று படிக்கிற பெண். அதற்காகவே சீட்டிலும் சேர்ந்திருந்தாள். யாரும் பேசாததைப் பார்த்து, ஏலம் எப்படி ஏறுமென்று தெரிந்துகொள்ளக் கேட்டாளாம். என்னால் அதற்கு மேல் கேட்க முடியவில்லை. சீட்டு அவளுக்குப் போனது.

"நல்லாப் படிச்ச போ ஆத்தா" என்று அவளிடம் சொன்னாள் சீட்டுப் பிடிக்கிறவள்.

ரெண்டு நாள் வீட்டுக்குள்ளேயே கிடந்தேன். அந்தப் பெண்ணும் என் கண்ணில் படாமல் போய் வந்தாள். மூணாம் நாள் காலி மாவுச் சட்டியைப் பார்த்ததும் மனசு கேட்கவில்லை. படிக்கட்டுக் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு மாடி ஏறினேன்.

"பாப்பா, இந்தச் சீட்ட எனக்கு மாத்திவிடுறியா? நீ தள்ளுன தொகை என் கணக்குல இருக்கட்டும். அடுத்த மாசம் என் சீட்ட நீ கேட்டு எடுத்துக்க."

சொல்லி முடிப்பதற்குள் எனக்கு வேர்த்துவிட்டது. அவள் பணத்தை எடுத்து வந்து, "திட்டுவீங்கன்னு நெனச்சேன் பாட்டி" என்றாள்.

"திட்டவும் எனக்கு வாய் வராது" என்றேன்.

கிரைண்டர் வந்தது. பாதிப் பேர் மாவுக்குத் திரும்பி வந்தார்கள்.

அடுத்த சீட்டில் அந்தப் பெண் மெதுவாக ஒரு சின்னத் தொகையைத் தள்ளிக் கேட்டுவிட்டு எங்களைச் சுற்றிப் பார்த்தாள். நாங்கள் எல்லோரும் தலையைக் குனிந்துகொண்டோம்.